அரசு அலுவலகத்தில் பிறந்த சோதனைப் படங்கள்

பம்பாயின் மாஹிமிலும் மாட்டுங்காவிலும் 1960களில் சினிமாவுக்குப் போனவர்கள் எம்.ஜி.ஆரையோ சிவாஜியையோ பார்க்கும் முன் அரசு நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷனின் படத்தைப் பார்த்தாக வேண்டும். கிங்ஸ் சர்க்கிள் அரோரா தியேட்டரில் தமிழ்ப் படம் ஓடினாலும் அதே விதிதான். அரசு தரும் செய்திப் படமோ குறும்படமோ போடாத தியேட்டருக்கு உரிமம் கிடையாது. அணை, உழவு, தடுப்பூசி, குடும்பக் கட்டுப்பாடு என்று உபதேசமே பெரும்பாலும் இருக்கும்.

1948இல் தொடங்கிய அந்த நிறுவனத்துக்குள்தான் இந்திய சினிமாவின் மிகத் துணிச்சலான பரிசோதனைகள் நடந்தன.

யுனெஸ்கோவில் பணியாற்றிய ஜீன் பவ்நாகரி, அறுபதுகளின் நடுவில் ஆலோசகராகத் திரும்பி வந்து இளைஞர்களுக்குச் சுதந்திரம் கொடுத்தார். ஓவியர் எம்.எஃப். ஹுசைனின் கைக்கும் கேமரா வந்தது. அவர் எடுத்த ‘த்ரூ தி ஐஸ் ஆஃப் எ பெயின்டர்’ 1967இல் பெர்லின் விழாவில் குறும்படத்துக்கான தங்கக் கரடி விருதை வென்றது. எஸ்.என்.எஸ். சாஸ்திரி, நாடு விடுதலை அடைந்த நாளில் பிறந்தவர்களைத் தேடிப்போய்ப் பேசவிட்டு ‘ஐ ஆம் 20’ எடுத்தார். ஆசையும் கோபமும் விரக்தியும் அதில் அப்படியே பதிவாயின. அரசுப் படத்தில் அரசையே குறைசொல்லும் குரல்களுக்கும் இடம் இருந்தது.

இவர்களில் எல்லைவரை போனவர் பிரமோத் பதி. பிராகில் பொம்மைப்பட மேதை யிரி டிரங்காவிடம் பயின்றவர். ‘எக்ஸ்ப்ளோரர்’ (1968) படத்தில் வர்ணனையே இல்லை. ஆடும் இளைஞர்கள், ஆய்வுக்கூடம், தெய்வ உருவங்கள் எல்லாம் கண்ணிமைக்கும் வேகத்தில் மாறிமாறி மோதும். ஒலியமைப்பில் துணைநின்றவர் சென்னையில் பிறந்த புல்லாங்குழல் கலைஞர் விஜய் ராகவ ராவ். ‘ட்ரிப்’ (1970) பம்பாயின் அன்றாடத்தை வேகமாக ஓடவிட்டுக் காட்டியது. ‘ஆபித்’ (1972) படத்தில் ஓவியர் ஆபித் சுர்தியையே ஒவ்வொரு ஃபிரேமாகப் படம்பிடித்து, உயிருள்ள மனிதரைப் பொம்மைபோல் அசைய வைத்தார் பதி.

அதே காலத்தில், கிரேக்கப் பெற்றோருக்கு அமெரிக்காவில் பிறந்த சோதனைப்பட இயக்குநர் கிரிகரி மார்கோபூலோஸ் நேர்மாறான வழியில் போனார். 1967இல் ஐரோப்பாவுக்குக் குடிபெயர்ந்து, தன் படங்களைப் பொதுத் திரையிடலிலிருந்து விலக்கிக்கொண்டார். சுமார் 80 மணி நேரம் நீளும் ‘எனியாயோஸ்’ படத்தை கிரேக்கத்தின் ஆர்கேடியா மலைக்கிராமத்தில், திறந்த வெளியில் மட்டுமே காட்ட வேண்டும் என்பது அவர் கனவு. பார்வையாளர் பயணம் செய்து படத்திடம் வர வேண்டும் என்றார் அவர். பம்பாய்க்காரர்களோ, டிக்கெட் வாங்கி வந்த சாதாரண ஜனங்களுக்கான நிறுவனத்தில் இருந்துகொண்டே பரிசோதனை செய்தார்கள். அரசுச் சம்பளமும் அரசு ஃபிலிம் சுருளும் இல்லாவிட்டால், வசூலுக்கு வழியில்லாத இந்தப் படங்களுக்கு அன்று யார் பணம் போட்டிருப்பார்கள்?

பதி 1975இல், நாற்பதுகளின் தொடக்கத்திலேயே காலமானார், சாஸ்திரி 1978இல். 2022இல் ஃபிலிம்ஸ் டிவிஷன், தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டது. நல்லவேளையாக, பல படங்கள் இணையத்தில் கிடைக்கின்றன. மும்பைத் தமிழர்கள் ‘ட்ரிப்’பிலிருந்து தொடங்கலாம்: அப்பாவும் தாத்தாவும் பிழைக்க வந்த நாளின் பம்பாய் அதில் ஓடிக்கொண்டிருக்கிறது.