பேரிடர்க் காலக் கையேற்பும் இழப்பீடும்: ஓசூர்–கிருஷ்ணகிரி எல்லைப்பகுதியை முன்வைத்து

பேரிடர்க் காலத்தில் தனியார் கட்டடத்தையும் வாகனத்தையும் எடுத்துப் பயன்படுத்தும் அரசு, அதற்குரிய தொகையை உடையவருக்குக் கொடுக்கக் கடமைப்பட்டது என்னும் கோட்பாடு இந்தியச் சட்டத்தில் படிப்படியாகவே உருவாயிற்று. உடைமையுரிமை மாறாமல் பயன்பாட்டை மட்டும் குறிப்பிட்ட காலத்துக்கு அரசு எடுத்துக்கொள்வதை இக்கட்டுரை ‘கையேற்பு’ எனக் குறிக்கிறது. சொத்து நிரந்தரமாக அரசைச் சேரும் ‘கையகப்படுத்தல்’ இதனின்று வேறானது.

பம்பாயில் பரவிய பிளேக்கை ஒட்டி இயற்றப்பட்ட 1897ஆம் ஆண்டின் கொள்ளைநோய்ச் சட்டம், நோய்த்தடுப்புச் செலவை யார் ஏற்பது என்பதை அரசே முடிவு செய்யலாம் என்றது. இழப்பீட்டை, அப்படி ஒன்று இருந்தால் அதையும் என்ற அளவிலேயே, அச்செலவோடு சேர்த்துச் சொன்னது. நல்லெண்ணத்துடன் செயல்பட்ட அலுவலர்மீது வழக்குத் தொடர முடியாது என்றும் விதித்தது. 1898இல் பிளேக் பெங்களூரை அடைந்தபோது, அன்றைய சேலம் மாவட்டத்தைச் சேர்ந்த அண்டை ஊரான ஓசூரிலும் சட்டத்தின் நிலை இதுவே.

இரண்டாம் உலகப் போர்க்காலத்து 1939ஆம் ஆண்டின் இந்தியப் பாதுகாப்புச் சட்டம், உடன்பாட்டாலோ நடுவர் தீர்ப்பாலோ இழப்பீட்டை நிர்ணயிக்கும் முறையைக் கொண்டுவந்தது. விடுதலைக்குப் பின், தேர்தல் பணிக்கு வாகனங்களை எடுக்க வழிசெய்த 1951ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டமும், அசையாச் சொத்துகளுக்கான 1952ஆம் ஆண்டின் சட்டமும் அம்முறையை அமைதிக் காலத்துக்கும் நீட்டித்தன.

பேரிடருக்கென்றே தனிவழி வகுத்தது 2005ஆம் ஆண்டின் பேரிடர் மேலாண்மைச் சட்டம். மாவட்ட ஆட்சியரின் தலைமையில் இயங்கும் மாவட்ட ஆணையம், மீட்புக்குத் தேவையான வளங்கள், கட்டடங்கள், வாகனங்கள் ஆகியவற்றை எழுத்துமூல ஆணையால் எடுக்கலாம் என்று அதன் 65ஆம் பிரிவு கூறுகிறது. கட்டடத்துக்கு அதன் வாடகையையும், வாடகைக்கு விடப்படாததாயின் அவ்வட்டாரத்தில் அதுபோன்ற கட்டடத்துக்குரிய வாடகையையும், உடையவர் இருப்பிடத்தையோ தொழிலிடத்தையோ மாற்ற நேர்ந்தால் அதற்கான நியாயமான செலவையும் கணக்கிட வேண்டும் என்று 66ஆம் பிரிவு விதிக்கிறது. வாகனத்துக்கு அவ்வட்டாரத்தில் வழங்கும் வாடகையே அடிப்படை. தவணைக் கொள்முதலில் ஓடும் வண்டியாயின், உரிமையாளரான நிதிநிறுவனமும் அதை வைத்து ஓட்டுபவரும் அத்தொகையைப் பங்கிட்டுக்கொள்ள வேண்டும். மாதத் தவணை கட்டி டெம்போ ஓட்டுவோர் நிறைந்த ஓசூரில் இவ்விதி பல குடும்பங்களின் வருவாயைத் தொடுகிறது. தமிழக, கர்நாடகப் பதிவெண் வண்டிகள் மாநில எல்லையின் இருபுறமும் உள்ள ஜூஜூவாடியிலும் அத்திப்பள்ளியிலும் கலந்தே ஓடுவதால், ‘அவ்வட்டார வாடகை’ எனும்போது எந்த மாநிலத்து வழக்கத்தைக் கொள்வது என்ற கேள்வியும் இங்கே எழக்கூடியதே.

இவற்றைவிடப் பெரிய குறை வேறொன்று. 65ஆம் பிரிவு ‘வளங்கள்’ என்பதையும் சேர்த்து எடுக்க அதிகாரம் தருகிறது. அச்சொல் ஆள்பலம், சேவை, பொருள் யாவற்றையும் உள்ளடக்கும். ஆயின் 66ஆம் பிரிவு கட்டடத்துக்கும் வாகனத்துக்கும் மட்டுமே கணக்குமுறை சொல்கிறது. சிப்காட் வளாகங்களையும் அவற்றைச் சுற்றி ‘ஜாப் ஒர்க்’ செய்யும் சிறு பட்டறைகளையும் கொண்ட ஒரு தொழிற்பகுதியில், பேரிடர் நேரத்தில் மிகுதியாகத் தேவைப்படுவது பொருளும் இயந்திரமுமே. 2021 ஏப்ரல் 25 அன்று, திரவ ஆக்சிஜனை மருத்துவம் தவிர வேறெதற்கும் பயன்படுத்தக் கூடாது என்று மத்திய உள்துறை இச்சட்டத்தின்கீழ் ஆணையிட்டது. கையிருப்பும் அத்தடைக்குள் வந்தது. உயிர்காக்க அது தேவையான நடவடிக்கை என்பதில் ஐயமில்லை. எனினும் வெட்டுதலுக்கும் பற்றவைப்புக்கும் ஆக்சிஜனை நம்பிய பட்டறைக்கு, நின்றுபோன வேலைநாள்களுக்கான இழப்பைக் கேட்க 66ஆம் பிரிவில் இடமில்லை.

இந்நிலையில் உடையவருக்கு எஞ்சும் பிடிமானம் அரசியலமைப்பே. 1978ஆம் ஆண்டின் 44ஆம் திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளிலிருந்து நீக்கி, சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கலாகாது என்னும் 300அ உறுப்பாக வைத்தது. பெங்களூருக்குத் தெற்கேயுள்ள, நடிகை தேவிகா ராணியும் ஓவியர் ஸ்வெட்டோஸ்லாவ் ரோரிச்சும் வாழ்ந்த தாதகுனி எஸ்டேட்டைக் கர்நாடக அரசு கையகப்படுத்தியது குறித்த கே.டி. பிளாண்டேஷன் வழக்கில், 2011இல் உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு, இழப்பீடு கோரும் உரிமை அவ்வுறுப்பிலேயே உட்பொதிந்துள்ளது என்றும், இழப்பீடே தரப்படாத சட்டத்துக்கு அரசு நியாயம் காட்ட வேண்டும் என்றும் கூறியது. கையகப்படுத்தல் பற்றிய அத்தீர்ப்பைக் கையேற்புக்கும் பொருத்துவது வாதத்தால் இயலும். ஆனால் பத்து சிலிண்டர் கொடுத்த பட்டறைக்காரர் அதற்காக உயர் நீதிமன்றப் படியேற வேண்டும் என்பது நடைமுறைக்கு ஒவ்வாதது.

நீதிமன்றம் செல்லாமலே இதை ஓரளவு சீராக்க வழியுண்டு: விதிகள் இயற்றப் பேரிடர் மேலாண்மைச் சட்டத்தின் 78ஆம் பிரிவு மாநில அரசுக்கு அதிகாரம் தருகிறது. எடுக்கப்பட்ட வண்டியின் கிலோமீட்டர் அளவு, சிலிண்டர்களின் எண்கள், எடுத்த நாள், திருப்பிய நாள் ஆகியவற்றைப் பதிந்து இருதரப்பும் கையொப்பமிட்ட ஒப்புகைச் சீட்டை, ஆணையோடு அவ்விடத்திலேயே கொடுக்க வேண்டும் என்பதை அவ்விதிகளில் முதலாவதாகச் சேர்க்கலாம்.