புதுச்சேரி முற்றுகையும் நகர்வாழ் மக்களும் (1760–1761)

மதில் முற்றுதலையும் காத்தலையும் தொல்காப்பியர் உழிஞைத் திணையுள் அடக்கினார். புறப்பொருள் வெண்பாமாலை மதில் காத்தலை நொச்சி எனத் தனித் திணையாக்கிற்று. இரண்டும் வேந்தரையும் மறவரையும் நோக்கியனவே. மதிலகத்துக் குடிமக்கட்கெனத் திணை வகுக்கப்பெறவில்லை. எனினும், நலங்கிள்ளி ஆவூரை முற்றியபோது உள்ளே அடைத்திருந்த நெடுங்கிள்ளியைக் கோவூர்கிழார் பாடிய புறநானூற்று 44ஆம் பாட்டு, உணவு பெறாத யானைகளையும், பாலின்றி அலறும் குழவிகளையும், பூவின்றிக் கூந்தல் முடிக்கும் மகளிரையும், நீரற்ற இல்லங்களையும் காட்டுகின்றது. கதவைத் திற, அன்றேல் போரிடு என்பது புலவர் அறிவுரை. இத்துன்பம் வெறும் புனைந்துரையன்று என்பதற்குப் புதுச்சேரி முற்றுகை சான்றாகும்.

1760 செப்டம்பரில் நகரைச் சூழ்ந்த முள்வேலி அரண்கள் ஆங்கிலத் தளபதி அயர் கூட்டின் படைவயப்பட்டன. கடல்வழியும் அடைபட்டது. நகருள் உணவு குறையக் குறைய, யானையும் குதிரையும் ஒட்டகமும் உணவாயின. நவம்பர் 27ஆம் நாள் பிரெஞ்சுத் தளபதி லாலி, நகரிலிருந்த இந்நாட்டு மக்கள் ஏறத்தாழ 1,400 பேரை வெளியேற்றினார். பெருங்குடியினரின் இல்லப் பணியாளர் சிலரே விலக்குப் பெற்றனர். வெளிப்போந்தோரை ஆங்கிலப் படை வழிவிடாது தடுத்தது; மீண்டோரைக் கோட்டை ஏற்கவில்லை. இருபடைக்கும் இடைப்பட்ட வெளியில் எட்டு நாள் புல்வேர் தின்று உயிர்தாங்கினர் என இராபர்ட்டு ஓர்ம் தம் போர் வரலாற்றில் எழுதுகின்றார். அதன் பின்னரே கூட் வழிவிட்டார்.

இந்நிகழ்ச்சியை இருவருள் ஒருவரது கொடுமை எனக் கொண்டு அமைதல் சாலாது. லாலி அம்மக்களை உண்ணும் வாய்களாகக் கணக்கிட்டார். அவ்வாய்கள் உள்ளிருப்பின் நகர் விரைந்து பணியும் எனக் கூட் கருதினார். கணக்கு ஒன்றே, பயன்கொள்ளும் பக்கமே வேறு. பணிக்கு வேண்டப்பட்டவர் மட்டும் விலக்குப் பெற்றமை இதனைத் தெளிவுறுத்தும்.

1736 முதல் நாட்குறிப்பு எழுதிவந்த ஆனந்தரங்கப்பிள்ளை 1761 சனவரியில், நகர் வீழ்வதற்குச் சில நாள் முன்னர் மறைந்தார். சனவரி 16இல் ஆங்கிலப் படை நகருட் புகுந்தது. பின்னர்க் கோட்டையும் தகர்க்கப்பட்டது. 1763ஆம் ஆண்டுப் பாரிசு உடன்படிக்கையின்படி 1765இல் நகர் மீண்டும் பிரெஞ்சியர் கைக்கு வந்தது.

ஆவூர் மக்கட்காக வேந்தன் முன்னின்று பேச ஒரு புலவர் இருந்தார். புல்வேர் தின்ற 1,400 பேர்க்கோ ஓர்ம் நூலில் எண் உண்டு, பெயர் இல்லை. முற்றுகை வரலாறு எழுதுவோர் மதிலின் இருபுறத்தோடு அமையாது, இடைப்பட்ட அவ்வெளியையும் ஆராய்தல் கடனாகும்.