பூட்டிய ஏடுகள்

"கென்னடியைக் கொன்றது யார் ஐயா?" வகுப்பறையில் மாணவன் ஒருவன் கேட்டான். விடை கூற வாயெடுத்தோம், தயங்கினோம். பெயரைச் சொல்லிவிடுவது எளிது. அதற்குச் சான்று எங்கே என்று அவன் அடுத்துக் கேட்டால்? அந்தக் கேள்விக்காகவே தம் வாழ்வில் நாலரை ஆண்டுகளைச் செலவிட்ட ஒருவரின் கதையைச் சொன்னோம். தோழர்களும் கேட்கத்தக்க கதை அது.

1963 நவம்பர் 22. டல்லாஸ் நகர வீதியில், திறந்த காரில் சென்ற அமெரிக்கக் குடியரசுத் தலைவர் சுட்டுக் கொல்லப்பட்டார். சுட்டவன் எனப் பிடிபட்ட ஆஸ்வால்டு, இரண்டே நாளில், காவலர் சூழ்ந்து நிற்க, ஜாக் ரூபி என்பவனால் வீழ்த்தப்பட்டான். வழக்குமன்றம் ஏற வேண்டியவன் இடுகாடு ஏகினான்!

தலைமை நீதிபதி வாரன் தலைமையில் அமைந்த குழு, 1964இல் 888 பக்க அறிக்கை தந்தது. கொன்றவன் ஒருவனே, சதிக்குச் சான்றில்லை என்றது. 1979இல் நாடாளுமன்றக் கீழவைக் குழுவோ, சதி நடந்திருக்கக் கூடும் என்றது. அதற்குத் துணையாக நின்ற ஒலிப்பதிவுச் சான்று செல்லாது என்று 1982இல் அறிவியலறிஞர் குழு மறுத்தது. எதை நம்புவது? மக்கள் கேட்டனர். ஏடுகளோ பூட்டிக் கிடந்தன!

பூட்டிய கதவின் முன்தான் வதந்தி வளரும். 1991இல் ஆலிவர் ஸ்டோன் எடுத்த திரைப்படம் அந்தக் கதவை ஓங்கித் தட்டிற்று. மறு ஆண்டே சட்டம் பிறந்தது. கொலை தொடர்பான ஏடுகள் அனைத்தும் மக்களுக்கு உரியவை. மறைக்க விரும்புவோரே காரணம் காட்ட வேண்டும் என்றது அச்சட்டம். அதுவரை, காட்டு என்று குடிமகன் கெஞ்சினான். அன்று முதல், மறைக்க விடு என்று அதிகாரம் வாதாட வேண்டியதாயிற்று.

சட்டத்தை நடத்த ஐவர் குழு அமைந்தது. வரலாற்று அறிஞர்களும் ஆவணக் காப்பாளரும் அதில் இருந்தனர். தலைவர், மினசோட்டா மாநிலத் தலைமை வழக்குரைஞர் அலுவலகத்தில் பணியாற்றிய ஜான் டன்ஹைம். கென்னடி மாண்டபோது அவர் பத்து வயதுச் சிறுவன்! 1994இல் பொறுப்பேற்றார், 1995இல் கூட்டாட்சி நீதிபதியான பின்னரும் அப்பணியை விடவில்லை.

பணி எளிதா? வரிக்கு வரி கறுப்பு மை பூசிய தாள்கள். ஒவ்வொரு கறைக்கும் காரணம் கேட்டது குழு. குழுவின் முடிவை மாற்றக் குடியரசுத் தலைவர் ஒருவரால் மட்டுமே இயலும். உளவுத்துறை முணுமுணுத்தது, தாள்கள் வெளிவந்தன. கியூபாமீது படையெடுக்கப் பொய்க் காரணங்களைப் புனையலாம் என்று 1962இல் முப்படைத் தலைவர்கள் தீட்டிய திட்டமும் வெளிவந்தது. கென்னடி அதனை ஏற்கவில்லை. எனினும் அப்படி ஒரு திட்டம் இருந்ததென்பதை முப்பத்தைந்து ஆண்டுக்குப் பின்தான் நாடு அறிந்தது!

தோல்வியும் உண்டு. சட்டம் வந்த பின், 1995இல், கென்னடியின் 1963ஆம் ஆண்டுப் பயணங்கள் சிலவற்றின் பாதுகாப்பு ஏடுகளைத் தலைவரின் மெய்க்காவல் துறை அழித்துவிட்டது. அழிந்த ஏட்டை எந்தச் சட்டம் மீட்கும்? ஆஸ்வால்டோடு நியூ ஆர்லியன்சில் மோதிய கியூப மாணவர் அமைப்பை 1963இல் கவனித்து வந்த உளவு அதிகாரியே, 1978இல் கீழவைக் குழுவுக்கு உதவ அனுப்பப்பட்டார். அவர் யார் என்பது குழுவுக்குச் சொல்லப்படவே இல்லை. அவரைப் பற்றித் தம் குழுவிடமும் மறைத்தனர் என்று டன்ஹைம் பின்னாளில் வெளிப்படையாகவே குறை கூறினார்.

1998இல் குழு கலைந்தபோது, ஆவணத் தொகுப்பு நாற்பது இலட்சம் பக்கங்களைத் தாண்டியிருந்தது. எஞ்சியவற்றுக்குச் சட்டம் குறித்த நாள் 2017. அதுவும் தள்ளிப்போடப்பட்டது, ஏடுகள் தவணை தவணையாகவே வெளியாயின, 2025இலும் மேலும் பல வெளிவந்தன.

சரி, கொன்றவர் யார் என்று அந்தக் குழு சொன்னதா? சொல்லவில்லை! தீர்ப்பு எழுதுவது அதன் வேலை அன்று. படிப்பதற்கு ஏட்டைத் தருவதே அதன் வேலை. இதில்தான் அதன் பெருமை இருக்கிறது என்போம். அரசு சொல்லிற்று, ஆகவே உண்மை என்பவனும் பக்தனே. அரசு சொல்லிற்று, ஆகவே பொய் என்பவனும் பக்தனே. கும்பிடும் திசைதான் வேறு. சான்றைக் காட்டு என்பவனே பகுத்தறிவாளன். காட்டியதைப் பொறுமையாகப் படிப்பவனே முழுப் பகுத்தறிவாளன்.

கேட்ட மாணவனுக்கு நாம் பெயர் எதுவும் சொல்லவில்லை. "எழுதியவர் யார், எப்போது எழுதினார், எந்த வரியை அழித்தார், ஏன் அழித்தார் என்று கேட்கப் பழகு" என்றோம். அவன் முகத்தில் நிறைவு இல்லை. நல்லதுதான், நிறைவு இல்லாதவன் தேடுவான்.