யூதர், சியோனிஸ்ட், இஸ்ரேலியர்: யார் எதற்குப் பொறுப்பு?

காஸாவிலிருந்து துயரச் செய்திகள் வரும் நாட்களில் உயர்தர வகுப்பு மாணவர்கள் என்னிடம் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விதான். "சேர், யூதர்கள் எல்லோரும் இதை ஆதரிக்கிறார்களா?" வரலாறு கற்பிக்கும் ஆசிரியன் என்ற வகையில் இதற்கு ஒரே சொல்லில் பதில் கூற என்னால் முடிவதில்லை. அன்றாடப் பேச்சில் நாம் ஒன்றாகக் கலந்துவிடும் மூன்று சொற்களை முதலில் பிரித்துப் பார்க்க வேண்டியுள்ளது.

மூன்று சொற்கள்

யூதர் என்பது மதத்தாலும் வம்சத்தாலும் அமைந்த அடையாளம். உலகில் ஏறத்தாழ ஒன்றரைக் கோடி யூதர்கள் வாழ்கின்றனர். அவர்களில் பாதிக்கும் சற்றுக் குறைவானோரே இஸ்ரேலில் இருக்கின்றனர்.

சியோனிசம் ஓர் அரசியல் இயக்கம். தியோடர் ஹேர்ஸ்லின் தலைமையில் 1897இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் அதன் முதலாவது மாநாடு நடைபெற்றது.

இஸ்ரேலியர் என்பது குடியுரிமையைக் குறிக்கும். அந்நாட்டுப் பிரஜைகளில் ஐந்தில் ஒரு பங்கினர் அரபிகள். அவர்களில் பெரும்பான்மையோர் முஸ்லிம்கள். எனினும் 2018இல் நிறைவேற்றப்பட்ட தேசிய அரசுச் சட்டம், அந்நாட்டில் தேசிய சுயநிர்ணய உரிமை யூத மக்களுக்கு மட்டுமே உரியது என்கிறது. யூதர்களும் இஸ்ரேல் அரசும் ஒன்றே என்ற எண்ணத்தை அதிகமாகப் பரப்புவதும் அந்த அரசுதான்.

உள்ளிருந்து எழுந்த எதிர்ப்பு

இந்த எண்ணத்தை ஆரம்பம் முதலே மறுத்த யூதர்கள் உண்டு. 1917இல் பால்போர் பிரகடனம் தயாரானபோது பிரித்தானிய அமைச்சரவையில் இருந்த ஒரே யூதர் எட்வின் மொண்டேகு. அவர் அதைக் கடுமையாக எதிர்த்தார். யூதர்களுக்கெனத் தனியொரு தேசம் ஏற்பட்டால் தத்தம் நாடுகளில் வாழும் யூதர்கள் அந்நியராக்கப்படுவர் என்றும், பலஸ்தீனின் முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களும் வழிவிட்டு ஒதுங்க நேரிடும் என்றும் அவர் எச்சரித்தார்.

சியோனிச வட்டத்துக்குள்ளும் மாற்றுக் குரல்கள் ஒலித்தன. 1891இல் பலஸ்தீனைச் சென்று பார்த்த அஹத் ஹாஆம், அது ஆளில்லாத பூமி அல்ல என்றும், குடியேறியோர் அரபிகளைக் கொடுமையாக நடத்துகின்றனர் என்றும் எழுதினார். ஜெரூசலம் ஹீப்ரு பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்த யூதா மெக்னஸும் தத்துவஞானி மார்ட்டின் பூபரும் இரு மக்களும் சம உரிமையுடன் வாழும் ஒரே நாட்டைக் கோரினர். 1948 ஏப்ரலில் தீர் யாஸீன் கிராமத்தில் படுகொலை நடந்தது. அவ்வருட டிசம்பரில் அல்பர்ட் ஐன்ஸ்டீன், ஹன்னா அரென்ட் உள்ளிட்டோர் நியூயோர்க் டைம்ஸ் பத்திரிகைக்கு எழுதிய கடிதத்தில் அப்படுகொலையையும், அமெரிக்கா வந்திருந்த மெனாஹெம் பெகினின் கட்சியையும் பகிரங்கமாகக் கண்டித்தனர்.

1967 யுத்த வெற்றியில் இஸ்ரேல் திளைத்திருந்த காலத்தில், மார்க்கப் பற்றுமிக்க பேராசிரியர் யெஷயாஹு லைபோவிட்ஸ், கைப்பற்றிய பகுதிகளிலிருந்து வெளியேற வேண்டும் என்றார். மற்றொரு மக்களை அடக்கி ஆள்வது இஸ்ரேலையே சீரழிக்கும் என்பது அவரது வாதம். 1993இல் அவருக்கு இஸ்ரேல் பரிசு அறிவிக்கப்பட்டபோது பெரும் சர்ச்சை எழுந்தது. அவர் அப்பரிசை ஏற்கவில்லை.

அந்தக் குரல் இன்றும் ஓயவில்லை. 1989இல் உருவான இஸ்ரேலிய மனித உரிமை அமைப்பான பெத்செலம், 2021இல் தன் நாட்டு ஆட்சிமுறையை இன ஒதுக்கல் ஆட்சி என்றது. 2025 ஜூலையில் காஸாவில் நடப்பது இனப்படுகொலை என அறிவித்தது. 2023 டிசம்பரில் இராணுவ சேவையை மறுத்த தால் மிட்னிக் என்ற 18 வயது இளைஞர் சிறை சென்றார். இவர்கள் இஸ்ரேலிய சமூகத்தில் மிகச் சிறுபான்மையினர் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

குற்றமும் பொறுப்பும்

ஓர் உயிரை அநியாயமாகப் பறிப்பது முழு மனித குலத்தையும் அழிப்பதற்குச் சமம் என்ற கருத்து யூதர்களின் மிஷ்னாவில் உள்ளது. இது பனூ இஸ்ராஈல்களுக்கு விதிக்கப்பட்ட நெறி என்பதை அல்குர்ஆனும் சூரா மாஇதாவின் 32ஆம் வசனத்தில் எடுத்துரைக்கிறது. ஆகவே காஸாவுக்காகப் பேசும் யூதர் தன் மார்க்கத்தின் அடிப்படையில் நின்றே பேச முடியும்.

குற்றம் செய்தவரையும் ஏவியவரையும் சாரும். சர்வதேச குற்றவியல் நீதிமன்றம் 2024 நவம்பர் 21ஆம் திகதி பிடியாணை பிறப்பித்தது நெதன்யாகு, கலன்ட் போன்ற தனிநபர்களுக்கு எதிராகவே. ஓர் இனத்துக்கு எதிராக அல்ல. வாக்களிக்கும், படையில் சேரும் இஸ்ரேலியப் பிரஜைக்குத் தன் அரசு செய்பவை பற்றிய பொறுப்பு உண்டு. வெளிநாட்டில் வாழும் யூதர் அந்தக் குற்றத்தில் பங்காளியல்லர். ஆனாலும் தம் பெயரால் நடப்பதை மறுப்பது கடமை எனப் பலர் உணர்கின்றனர். 2023 ஒக்டோபர் 27ஆம் திகதி நியூயோர்க்கின் கிராண்ட் சென்ட்ரல் ரயில் நிலையத்தில் யுத்தநிறுத்தம் கோரி அமர்ந்து நூற்றுக்கணக்கில் கைதானவர்கள் அத்தகையோரே.

அதேவேளை, இந்தக் கண்டனத்தை ஒவ்வொரு யூதரிடமும் நாம் நிபந்தனையாகக் கேட்க முடியாது. 2019 ஏப்ரல் 21 தாக்குதல்களின் பின்னர் எம்மிடம் அப்படித்தான் கேட்கப்பட்டது. எவரோ செய்த கொடுமைக்கு எமது கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டன. எம் பெண்களின் உடை சந்தேகத்துக்குரியதாயிற்று. பிறப்பை வைத்துக் குற்றஞ்சாட்டுவது எவ்வளவு பெரிய அநியாயம் என்பதை எமக்கு எவரும் விளக்கத் தேவையில்லை.

அதே அளவுகோல் 2023 ஒக்டோபர் 7ஆம் திகதிக்கும் பொருந்தும். அன்று கொல்லப்பட்டோரில் விவியன் சில்வரும் ஒருவர். காஸா நோயாளர்களை இஸ்ரேலிய வைத்தியசாலைகளுக்கு அழைத்துச் செல்லும் பணியில் ஈடுபட்டு வந்த சமாதானச் செயற்பாட்டாளர் அவர்.

எமது பேச்சில் கவனிக்க வேண்டியவை

"ஹிட்லர் செய்தது சரி" என்ற பதிவுகளை எம்மவர் சிலரும் பகிர்வதைப் பார்க்கிறேன். நாஸிகள் கொன்ற அறுபது இலட்சம் யூதர்கள் பலஸ்தீனருக்கு எந்தத் தீங்கும் செய்தவர்களல்லர். "சியோன் மூப்பர்களின் நெறிமுறைகள்" என்ற பெயரில் உலாவரும் நூல் 1903இல் ரஷ்யாவில் வெளியான போலி ஆவணம். 1921இலேயே லண்டன் டைம்ஸ் பத்திரிகை அதை அம்பலப்படுத்தியது. யூதர்களுக்கு உலகில் வேறெங்கும் பாதுகாப்பில்லை என்பதே சியோனிசத்தின் அடிப்படை வாதம். யூத வெறுப்பைப் பரப்புபவர் அந்த வாதத்துக்குத்தான் சாட்சி சொல்கிறார்.

ஆகவே "யூதர்கள் குண்டு வீசினர்" என்று எழுதும் இடத்தில் "இஸ்ரேல் இராணுவம்" என்று எழுதுவோம். நிலத்தைப் பறிப்பவரைக் குடியேறிகள் என்றும், உத்தரவிட்டவரை அவரவர் பெயராலும் குறிப்பிடுவோம். பலஸ்தீன மக்கள் கேட்கும் நீதிக்கு இத்தகைய துல்லியமான குற்றச்சாட்டே உதவும். வகுப்பறையில் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிக் கொடுப்பது ஆசிரியர்களாகிய எமது கடமை. வீட்டில் பெற்றோரும் சொல்ல வேண்டும்.