பிலாத்துவின் முன்னிலைச் சொல்

தமிழும் தெலுங்கும் கலந்து வழங்கும் சித்தூர், திருப்பதி வட்டாரத்தில் இருமொழி விவிலியங்களையும் ஒப்பிடுவோர்க்கு ஒரு முரண்நகை புலப்படும். மத்தேயு 16:16-இல் இயேசுவைக் கிறிஸ்து என்று அறிக்கையிடும் பேதுருவும், 27:11-இல் அவரை யூதரின் அரசனா என்று வினவும் பிலாத்துவும் கிரேக்க மூலத்தில் ஒரே முன்னிலைச் சொல்லையே ஆள்கின்றனர். நம்பாதவனின் வினா, நம்பியவனின் அறிக்கையை எதிரொலிக்கிறது.

தமிழின் பழைய திருப்புதல் பேதுருவுக்கு 'நீர்' என்றும் பிலாத்துவுக்கு 'நீ' என்றும் பிரித்தது. மரியாதை நிலைத்தது, எதிரொலி மங்கியது. தெலுங்கு விவிலியம் இருவர்க்கும் 'நீவு' என்றே வைத்தது.

தெலுங்கு விவிலியத் திருத்தக் குழுவுக்கு 1873 முதல் தலைமையேற்ற ஜேக்கப் சேம்பர்லேன் வாழ்ந்த மதனப்பள்ளி, 1911-இல் சித்தூர் மாவட்டத்தோடு இணைந்தது. அம்மண்ணில் மொழிபெயர்ப்பு வரலாற்றை ஆராய்வோர் இறையியல் நூல்களோடு மரியாதைப் பன்மையின் இலக்கணத்தையும் கற்றல் வேண்டும். மூலத்தின் நகை எங்கே பிழைத்தது, எங்கே அடங்கியது என்பதை அதுவே காட்டும்.