ஓசூர்க்காரர்களுக்கு 'நம்ம டீம்' எது? சென்னை Vs பெங்களூரு வெற்றி-தோல்வி கணக்கு: முழு விவரம்

ஓசூரிலிருந்து பெங்களூரு சின்னசாமி மைதானம் சுமார் 40 கி.மீ. சென்னை சேப்பாக்கம் 300 கி.மீ. ரேஷன் கார்டு தமிழ்நாட்டில், வேலையோ படிப்போ பலருக்குக் கர்நாடகாவில். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே தெருவில் கேட்கும் ஊர் இது. அதனால் ஐபிஎல் வந்தாலே சிப்காட் கம்பெனி பஸ்ஸிலும் டீக்கடையிலும் ஒரே சண்டைதான்: சிஎஸ்கேவா, ஆர்சிபியா?

"அஞ்சு கப்பு எங்க, ஒரு கப்பு எங்க" என்று ஒரு பக்கம். "கடைசியா யார் ஜெயிச்சாங்க, அதச் சொல்லு" என்று இன்னொரு பக்கம். இரண்டு பேர் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. கிரிக்கெட், கால்பந்து, கபடி மூன்றிலும் இரு நகர அணிகளின் கணக்கு என்ன சொல்கிறது? விரிவாகப் பார்ப்போம். ஐபிஎல் கணக்கு 2008 முதல் 2025 சீசன் முடிவு வரையிலானது.

கோப்பை கணக்கு: யார் எத்தனை?

சென்னை சூப்பர் கிங்ஸ்: 5 கோப்பை (2010, 2011, 2018, 2021, 2023). மொத்தம் 10 முறை இறுதிப்போட்டி. ஆடிய 16 சீசன்களில் 12 முறை கடைசி நான்கு அணிகளுக்குள் வந்திருக்கிறது. 2016, 2017 இரண்டு ஆண்டுகளும் தடை காரணமாக ஆடவில்லை.

ராயல் சேலஞ்சர்ஸ் பெங்களூரு: 1 கோப்பை (2025). 4 முறை இறுதிப்போட்டி. 18 சீசன்களில் 10 முறை கடைசி நான்குக்குள்.

ஆர்சிபி தோற்ற மூன்று இறுதிப்போட்டிகளில் ஒன்று சிஎஸ்கேவிடம்தான். 2011 மே 28, சேப்பாக்கம். சென்னை 205 ரன், பெங்களூரு 147 ரன். 58 ரன் வித்தியாசம். மற்ற இரண்டும் நெருங்கி வந்து கைவிட்டவை. 2009-ல் டெக்கான் சார்ஜர்ஸிடம் 6 ரன்னில் தோல்வி. 2016-ல் சன்ரைசர்ஸிடம் 8 ரன்னில் தோல்வி. கடைசியில் 2025 ஜூன் 3-ம் தேதி அகமதாபாத்தில் பஞ்சாப் கிங்ஸை அதே 6 ரன் வித்தியாசத்தில் வென்றுதான் 18 ஆண்டுக் காத்திருப்பு முடிந்தது.

நேருக்கு நேர் யார் கெத்து?

ஐபிஎல்லில் இரு அணிகளும் 35 முறை மோதியிருக்கின்றன.

• சிஎஸ்கே வெற்றி: 21
• ஆர்சிபி வெற்றி: 13
• முடிவு இல்லை: 1

சேப்பாக்கத்தில் ஆர்சிபியின் நிலைமை இன்னும் மோசம். 2008-ல் ஒரு முறை வென்ற பிறகு, அடுத்த வெற்றிக்கு 17 ஆண்டுகள் ஆனது. 2025 மார்ச் 28-ம் தேதி 50 ரன் வித்தியாசத்தில் அந்தக் கணக்கைத் தீர்த்தது. அதே ஆண்டு மே 3-ம் தேதி சின்னசாமியில் 2 ரன்னில் மீண்டும் வெற்றி. ஒரே சீசனில் சிஎஸ்கேவை இரண்டு முறையும் ஆர்சிபி வீழ்த்தியது.

லீக் சுற்றில் முந்துவது யார் தெரியுமா?

இங்கேதான் பலரும் எதிர்பார்க்காத ஒரு கணக்கு இருக்கிறது. தடை முடிந்து சிஎஸ்கே திரும்பி வந்த 2018-லிருந்து, லீக் சுற்றின் வெற்றி-தோல்வியை மட்டும் எடுத்துக்கொள்வோம். ஒவ்வொரு சீசனிலும் 14 ஆட்டம்.

2018: சிஎஸ்கே 9 வெற்றி, 5 தோல்வி. ஆர்சிபி 6 வெற்றி, 8 தோல்வி
2019: சிஎஸ்கே 9-5. ஆர்சிபி 5-8 (ஒன்று மழையால் ரத்து)
2020: சிஎஸ்கே 6-8. ஆர்சிபி 7-7
2021: சிஎஸ்கே 9-5. ஆர்சிபி 9-5
2022: சிஎஸ்கே 4-10. ஆர்சிபி 8-6
2023: சிஎஸ்கே 8-5 (ஒன்று மழையால் ரத்து). ஆர்சிபி 7-7
2024: சிஎஸ்கே 7-7. ஆர்சிபி 7-7
2025: சிஎஸ்கே 4-10. ஆர்சிபி 9-4 (ஒன்று மழையால் ரத்து)

கூட்டிப் பாருங்கள். 112 லீக் ஆட்டங்களில் சிஎஸ்கே 56 வெற்றி, 55 தோல்வி. ஆர்சிபி 58 வெற்றி, 52 தோல்வி. அதாவது இந்த 8 ஆண்டுகளில் லீக் சுற்றில் அதிகம் ஜெயித்தது ஆர்சிபிதான். ஆனால் இதே காலத்தில் சிஎஸ்கே எடுத்த கோப்பை 3. ஆர்சிபி எடுத்தது 1.

அப்போ வித்தியாசம் எங்கே?

பதில்: பிளேஆஃப். 2018 முதல் 2025 வரை பிளேஆஃப் ஆட்டங்களை மட்டும் எடுத்தால்,

• சிஎஸ்கே: 9 ஆட்டம், 7 வெற்றி, 2 தோல்வி
• ஆர்சிபி: 7 ஆட்டம், 3 வெற்றி, 4 தோல்வி

சிஎஸ்கே தோற்ற இரண்டுமே 2019-ல் மும்பை இந்தியன்ஸிடம். அதில் இறுதிப்போட்டியை விட்டது ஒரே ஒரு ரன்னில்.

இதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. லீக் பட்டியலில் முதல் இரண்டு இடம் பிடிக்கும் அணிக்குத் தோற்றாலும் இன்னொரு வாய்ப்பு உண்டு. மூன்றாவது, நான்காவது இடம் என்றால் எலிமினேட்டர். தோற்றால் நேராக வீட்டுக்கு. சிஎஸ்கே இந்தக் காலத்தில் பிளேஆஃப் போன நான்கு முறையும் முதல் இரண்டு இடத்துக்குள் முடித்தது. ஆர்சிபி 2020, 2021, 2022, 2024 நான்கு முறையும் எலிமினேட்டர் வழியாகவே போனது. அதில் மூன்று முறை அங்கேயே கதை முடிந்தது. 2025-ல் 19 புள்ளிகளுடன் முதன்முதலாக இந்தக் காலகட்டத்தில் இரண்டாவது இடம் பிடித்தது, கோப்பையும் வந்தது. சும்மா 'லக்' என்று தள்ளிவிட முடியாத கணக்கு இது.

இரண்டு பேரும் 7-7. ஒருத்தர் உள்ளே, ஒருத்தர் வெளியே. எப்படி?

2024 சீசனை ஓசூர் அவ்வளவு சீக்கிரம் மறக்காது. முதல் 8 ஆட்டத்தில் 7 தோற்ற ஆர்சிபி, அடுத்த 6 ஆட்டத்தையும் ஜெயித்தது. சிஎஸ்கே, ஆர்சிபி, டெல்லி, லக்னோ நான்குமே 14 புள்ளி. அப்போது பார்ப்பதுதான் நெட் ரன் ரேட்.

கணக்கு எளிது. நாம் ஒரு ஓவருக்கு எடுத்த சராசரி ரன்னிலிருந்து, எதிரணிக்கு ஒரு ஓவருக்குக் கொடுத்த சராசரி ரன்னைக் கழிக்க வேண்டும். ஓர் அணி 15 ஓவரில் ஆல் அவுட் ஆனாலும் அது 20 ஓவர் ஆடியதாகவே கணக்கு.

2024 மே 18, சின்னசாமி. ஆர்சிபி 20 ஓவரில் 218, ஓவருக்கு 10.90. சிஎஸ்கே 20 ஓவரில் 191, ஓவருக்கு 9.55. அந்த ஓர் ஆட்டத்தில் மட்டும் வித்தியாசம் 1.35. சிஎஸ்கே தோற்றாலும் 201 ரன் எடுத்திருந்தால் உள்ளே போயிருக்கும். 10 ரன் குறைந்தது. முழு சீசன் கணக்கில் ஆர்சிபி +0.459, சிஎஸ்கே +0.392. அந்தச் சிறிய இடைவெளியில் சென்னை வெளியேறியது.

சொந்த மண் உண்மையிலேயே கைகொடுக்குமா?

2011-ல் சேப்பாக்கத்தில் ஆடிய 8 ஆட்டங்களையும் சிஎஸ்கே ஜெயித்தது, இறுதிப்போட்டி உட்பட. 2025-ல் அதே மைதானத்தில் முதல் ஆட்டத்தில் மும்பையை வென்ற பிறகு வரிசையாக 5 தோல்வி. முதன்முறையாகப் பட்டியலில் கடைசி இடம்.

ஆர்சிபி கதை தலைகீழ். 2025-ல் சின்னசாமியில் முதல் மூன்று ஆட்டமும் தோல்வி. ஆனால் வெளியூரில் ஆடிய 7 லீக் ஆட்டங்களிலும் வெற்றி.

எல்லையோர மக்களுக்கு நன்றாகத் தெரிந்த இன்னோர் உதாரணம் 2018. காவிரிப் போராட்டம் காரணமாக, சேப்பாக்கத்தில் ஒரே ஓர் ஆட்டத்தோடு சிஎஸ்கேவின் உள்ளூர் ஆட்டங்கள் புனேவுக்கு மாற்றப்பட்டன. சொந்த மண்ணே இல்லாமல் அந்த ஆண்டு சிஎஸ்கே கோப்பை வென்றது.

கால்பந்து: பெங்களூருவின் கை ஓங்கியது, ஆனால்...

2013-ல் தொடங்கிய பெங்களூரு எஃப்சி, ஐ-லீக் பட்டத்தை இரண்டு முறை (2013-14, 2015-16), ஐஎஸ்எல் கோப்பையை ஒரு முறை (2018-19), டூரண்ட் கோப்பையை ஒரு முறை (2022) வென்றது. 2016-ல் ஏஎஃப்சி கோப்பை இறுதிப்போட்டி வரை போனது.

சென்னையின் எஃப்சி-க்கு ஐஎஸ்எல் கோப்பை இரண்டு (2015, 2017-18). இரண்டாவது கோப்பை பெங்களூரு ரசிகர்களுக்கு இன்றும் வலிக்கும். அந்த சீசனில் 18 லீக் ஆட்டங்களில் 13 வெற்றியுடன் பட்டியலில் முதலிடம் பிடித்தது பெங்களூரு எஃப்சி. இறுதிப்போட்டியும் அவர்களின் சொந்த ஸ்ரீ கண்டீரவா மைதானத்தில். 2018 மார்ச் 17-ம் தேதி, அங்கேயே போய் 3-2 என்று ஜெயித்தது சென்னை. லீக்கில் முதலிடம் வேறு, கோப்பை வேறு என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடையாது.

கபடி: ஒருவருக்குக் கோப்பை, ஒருவருக்கு ஏக்கம்

பெங்களூரு புல்ஸ், புரோ கபடி 6-வது சீசனில் சாம்பியன். 2019 ஜனவரி 5-ம் தேதி இறுதிப்போட்டியில் குஜராத்தை 38-33 என்று வென்றது. அன்று பவன் செராவத் மட்டும் எடுத்தது 22 புள்ளி. ஆனால் அதே புல்ஸ், 2024-ல் நடந்த 11-வது சீசனில் 22 ஆட்டங்களில் வெறும் 2 வெற்றியுடன் கடைசி இடத்துக்குப் போனது.

தமிழ் தலைவாஸ் 2017-ல் களமிறங்கியது. 11-வது சீசன் வரை கோப்பை இல்லை. 2022-ல் பவன் செராவத்தை 2.26 கோடி ரூபாய் கொடுத்து வாங்கியது. அவர் முதல் ஆட்டத்திலேயே காயமடைந்து சீசன் முழுக்க வெளியேறினார். ஆனாலும் அந்த சீசனில்தான் தலைவாஸ் முதன்முறையாக அரையிறுதிக்குப் போனது.

ஓசூர், கிருஷ்ணகிரிக்கு சொந்த அணி உண்டா?

இல்லை. 2016-ல் தொடங்கிய தமிழ்நாடு பிரீமியர் லீக்கில் சேப்பாக்கம், திண்டுக்கல், கோவை, மதுரை, நெல்லை, சேலம், திருச்சி, திருப்பூர் என 8 அணிகள். இதில் கிருஷ்ணகிரி மாவட்டத்துக்கு அருகில் இருப்பது சேலம் ஸ்பார்டன்ஸ். பழைய சேலம் மாவட்டத்திலிருந்து தர்மபுரியும், தர்மபுரியிலிருந்து 2004-ல் கிருஷ்ணகிரியும் பிரிந்தன என்பதால் ஊர் உறவும் உண்டு. ஆனால் சேலம் என்ற பெயரில் 2025 வரை கோப்பை வரவில்லை. 2025 சாம்பியன் திருப்பூர் தமிழன்ஸ்.

அசோக் லேலண்ட், டிவிஎஸ், டைட்டன் என்று பெரிய ஆலைகளும், 2019-ல் மாநகராட்சி அந்தஸ்தும் வந்த ஊருக்கு, ஆதரிக்க ஓர் அணி மட்டும் எல்லைக்கு அந்தப் பக்கமோ, 300 கி.மீ. தள்ளியோதான் இருக்கிறது.

கொண்டாட்டத்தில் மறக்கக் கூடாத தேதி

2025 ஜூன் 4. ஆர்சிபி கோப்பை வென்ற மறுநாள், சின்னசாமி மைதானத்துக்கு வெளியே கூட்ட நெரிசலில் 11 பேர் உயிரிழந்தனர். அந்தச் சம்பவத்துக்குப் பிறகு, 2025 மகளிர் உலகக் கோப்பையில் பெங்களூருவுக்கு ஒதுக்கப்பட்ட ஆட்டங்களும் நவி மும்பைக்கு மாற்றப்பட்டன. அத்திப்பள்ளி தாண்டி ஒரு மணி நேரத்தில் போய்விடலாம் என்று ஓசூரிலிருந்து கிளம்பும் ரசிகர்கள், டிக்கெட் உறுதியான பிறகு மட்டும் போவது நல்லது. டிக்கெட் இல்லாமல் வாசலில் காத்திருப்பது ஆபத்து.

வெற்றி-தோல்வி கணக்கை எப்படிப் படிப்பது?

அடுத்த முறை பஸ்ஸில் வாக்குவாதம் வந்தால், இந்த நான்கையும் பாருங்கள்.

1. லீக் கணக்கா, பிளேஆஃபும் சேர்த்தா? ஆர்சிபி, சிஎஸ்கே விஷயத்தில் பதிலே மாறிவிடும்.

2. எந்த ஆண்டிலிருந்து? 2008 முதல் என்றால் சென்னை. கடைசி சில ஆண்டுகள் என்றால் பெங்களூரு.

3. மழையால் ரத்தான ஆட்டம் எங்கே சேர்ந்தது? அது வெற்றியும் இல்லை, தோல்வியும் இல்லை. இரு அணிக்கும் தலா ஒரு புள்ளி.

4. பழைய கணக்கை வைத்துப் பணம் கட்டலாமா? வேண்டாம். 17 ஆண்டு சேப்பாக்கம் கணக்கு ஒரே இரவில் உடைந்தது. பணம் கட்டி ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளுக்குத் தடை விதிக்கும் சட்டத்தை 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றியும் இருக்கிறது.

சுருக்கமாகச் சொன்னால், கோப்பை எண்ணிக்கையிலும் நேரடி மோதலிலும் சென்னை முன்னிலை. 2018-க்குப் பிந்தைய லீக் ஆட்டங்களில் பெங்களூருக்கு இரண்டு வெற்றி கூடுதல். விசில் போடுவதா, "ஈ சாலா கப் நம்தே" சொல்வதா என்பதை ஓசூரில் இனியும் வீட்டுக்கு வீடு தனித்தனியாகத்தான் முடிவு செய்வார்கள்.