சமவாய்ப்பும் வகுப்புரிமையும்

புறநானூற்றின் 183ஆம் பாட்டு ஆரியப்படை கடந்த நெடுஞ்செழியன் பாடியது. நால்வகைப் பிரிவினுள் கீழ்நிலையிற் பிறந்தான் ஒருவன் கற்றானாயின், மேல்நிலையிற் பிறந்தானும் கல்வி வேண்டி அவனை வழிபடுவான் என்னும் கருத்து அப்பாட்டின் இறுதியில் உளது. பிறப்பினும் கல்வியே பெரிது என்பதற்குச் சான்றாக இதனைக் காட்டுதல் நம்மிடையே வழக்கம். அது பொருத்தமும் ஆகும். ஆயின், அக்கூற்று ஒரு நிபந்தனையாக அமைந்திருத்தல் கருதற்குரியது. கற்றால் உயர்வான் என்கின்றான் மன்னன். கற்பதற்கு அவனுக்கு வழி யாது என்பதைச் சொன்னானல்லன். பாட்டின் நோக்கத்திற்கு அது வேண்டியதும் அன்று. ஆனால், அரசியல் மெய்ப்பொருளியலில் சமவாய்ப்பு என்னும் கருத்தின் வரலாறு முழுவதும் அந்த நிபந்தனையைச் சுற்றியே நடந்திருக்கின்றது. அவ்வரலாற்றில் சென்னை மாகாணத்திற்கு உரிய பகுதியை ஈண்டு ஆராய்வாம்.

சமவாய்ப்பு என்பதற்கு இருவகைப் பொருள் உண்டு. வாயில் எல்லார்க்கும் திறந்திருத்தல் ஒன்று. வாயில்வரை நடந்து வருவதற்கு எல்லார்க்கும் வழி இருத்தல் மற்றொன்று. முதற்பொருளைத் தெளிவுறச் சொன்னது 1789இல் பிரெஞ்சு நாட்டில் வெளியான மாந்தர் உரிமை அறிக்கை. பொதுப் பதவிகள் அனைத்திற்கும் குடிமக்கள் யாவரும் தத்தம் திறனுக்கேற்ப ஒத்த உரிமையுடையர், குணமும் திறமையும் தவிர வேறு வேற்றுமை பாராட்டப்படாது என்று அதன் ஆறாம் பிரிவு விதித்தது. பிறப்பால் வந்த பதவிகளை ஒழிக்க எழுந்த நாட்டில் அவ்விதி பெரும் புரட்சியே. அதே கருத்து வேறொரு நடையில் இந்தியாவிற்கும் வந்தது. சமயம், பிறந்த இடம், மரபு, நிறம் என்பவை மட்டும் காரணமாக இந்நாட்டார் எவரும் கும்பினியின் பதவிக்குத் தகுதியற்றவர் ஆகார் என 1833ஆம் ஆண்டுப் பட்டயச் சட்டம் கூறியது. 1858இல் விக்டோரியா அரசியாரின் அறிக்கையும் அதனை வழிமொழிந்தது. 1855 முதல் இலண்டனில் போட்டித் தேர்வும் நடைபெறலாயிற்று. தாளில் வாயில் திறந்தே இருந்தது.

திறந்த வாயிலின் வழியே உள்ளே சென்றவர் யாவர் என்னும் கேள்விக்குச் சென்னையில் எண்கள் விடை கூறின. அரசுப் பணிகளை ஆராய வந்த அரச ஆணையத்தின் முன் 1913இல் சான்று அளித்த அலெக்சாண்டர் கார்டியூ, மாகாணப் பணிக்கு 1892 முதல் 1904 வரை நடந்த போட்டித் தேர்வில் வெற்றி பெற்ற 16 பேருள் 15 பேர் பிராமணர் என எடுத்துக்காட்டினார். நிலையான மாவட்ட முன்சீப்புகள் 128 பேருள் 93 பேர் பிராமணர். பிராமணர் அல்லாத இந்துக்கள் 25 பேர். அக்காலத்து மாகாண மக்கள் ஏறத்தாழ நான்கு கோடியே பதினைந்து இலக்கம். அவருள் பிராமணர் பதினைந்து இலக்கத்தை ஒட்டியவர். இத்தேர்வுகளில் முறைகேடு நடந்ததாக ஒருவரும் குற்றஞ்சாட்டவில்லை என்பதை நாம் மறவாமல் நோக்குதல் வேண்டும். விதி எல்லார்க்கும் ஒன்றே, வினாத்தாளும் ஒன்றே. கல்வியைத் தலைமுறை தலைமுறையாகத் தம்மிடம் வைத்திருந்தோர் அதனைக் கொண்டு தேர்வில் வென்றனர்; கல்விக்கூடத்தின் திண்ணையையும் மிதித்தறியாதார் தேர்வு எழுத வந்திலர். முதற்பொருளிற் சமவாய்ப்பு நிறைவேறியும் இரண்டாம் பொருளில் அது இல்லாமற் போன நிலைக்கு இதனினும் தெளிந்த சான்று கிடைத்தல் அரிது.

1916 திசம்பரில் பிட்டி தியாகராயர் வெளியிட்ட பிராமணரல்லாதார் அறிக்கை இவ்வெண்களை நிலைக்களமாகக் கொண்டது. அவ்வறிக்கையாரின் வாதம் தனிமனிதன் ஒருவனுக்கு நேர்ந்த தடையைப் பற்றியது அன்று. ஆட்சியில் ஒரு பெருந்திரள் மக்களுக்கு உரிய பங்கினைப் பற்றியது. ஆங்கிலேயர் கையிலிருந்து ஆட்சி இந்தியர் கைக்கு மாறுங்கால் அது எந்த இந்தியர் கைக்கு மாறும் என்பதே அவர்கள் எழுப்பிய கேள்வி. வகுப்புரிமை என்னும் சொல்லாட்சியே இதனைக் காட்டும். உரிமை ஈண்டு வகுப்பின்மேல் நிற்கின்றது, ஆளின்மேல் அன்று. ஒரு மாவட்டத்துப் பதவிகள் ஒரு சில குடும்பத்தாரிடமே சென்று தேங்காமல் பல சாதியார்க்கும் பகிரப்படுதல் வேண்டும் என்று வருவாய் வாரியத்தின் 128ஆம் நிலையாணை முன்னரே கூறியிருந்தது. நீதிக்கட்சி அமைச்சரவை 1921 செப்டம்பர் 16ஆம் நாள் பிறப்பித்த 613ஆம் எண் அரசாணை அந்நிலையாணையையே எல்லாத் துறைகளுக்கும் விரித்தது. ஆகவே, வகுப்புவாரி ஆணை முற்றிலும் புதிதாக முளைத்தது என்று கொள்ளுதல் பொருந்தாது.

ஆயினும் அதற்கு எண்வடிவம் தந்தவர் சுப்பராயன் அமைச்சரவையில் இருந்த எசு. முத்தையா முதலியார். அவர்தம் முயற்சியால் வகுக்கப்பட்ட முறைப்படி 12 இடங்களுள் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 5, பிராமணர்க்கு 2, முசுலிம்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியரும் கிறித்தவரும் ஆகியோர்க்கு 2, தாழ்த்தப்பட்டோர்க்கு 1 என்று பங்கு அமைந்தது. இக்கணக்கினைச் சற்று நின்று பார்த்தல் தகும். மக்கள்தொகையில் நூற்றுக்கு மூவர் அல்லது நால்வராகிய பிராமணர்க்கு ஆறில் ஒரு பங்கு கிடைத்தது. நூற்றுக்குப் பதினைந்து பேர் அளவில் இருந்த தாழ்த்தப்பட்டோர்க்குப் பன்னிரண்டில் ஒன்றே கிடைத்தது. எனவே இது மக்கள்தொகைக்கு ஏற்ற பங்கும் அன்று. மிக நலிந்தார்க்கு மிகுதி என்னும் முறையும் அன்று. அன்றைய அரசியல் வலிமைகள் ஒன்றோடொன்று பொருதும் இணங்கியும் கண்ட ஓர் உடன்பாடு என்றே நாம் இதனைக் கருதுகின்றோம். தாழ்த்தப்பட்டோர் தலைவராகிய எம். சி. இராசா 1923இலேயே நீதிக்கட்சியை விட்டு நீங்கினார் என்னும் செய்தியை இக்கணக்கோடு வைத்து எண்ணுதல் வேண்டும். வகுப்புரிமை வரலாற்றைப் போற்றி எழுதுவோர் இவ்விடத்தை விரைந்து கடந்துவிடுவர். அதனைப் பழித்து எழுதுவோரோ பிராமணர்க்குக் கிடைத்த பங்கினைச் சொல்லவே சொல்லார்.

1947இல் இம்முறை திருத்தப்பெற்றது. 14 இடங்களுள் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணர்க்கு 2, அரிசனர்க்கு 2, ஆங்கிலோ இந்தியர்க்கும் இந்தியக் கிறித்தவர்க்கும் 1, முசுலிம்களுக்கு 1 எனப் பங்கு மாறியது. பிராமணரல்லாதார் என்னும் பெருந்தொகுதிக்குள்ளும் முன்னேறியோர், பிற்பட்டோர் என வேறுபாடு உண்டென்பது முதன்முதலாக ஆணையில் ஏறிற்று. பின்னர் நிகழ்ந்த கருத்து மாற்றத்திற்கு வித்து ஈண்டே உளது.

மூன்றாண்டுகள் கழித்து இவ்வாணை அரசியலமைப்பின் முன் நிறுத்தப்பட்டது. மருத்துவக் கல்லூரி, பொறியியற் கல்லூரி இடங்களைப் பற்றிச் செண்பகம் துரைராசனும் சீனிவாசனும் தொடுத்த வழக்குகளில் 1950 சூலையில் சென்னை உயர்நீதிமன்றமும், 1951 ஏப்பிரல் 9ஆம் நாள் உச்சநீதிமன்றத்தின் எழுவர் ஆயமும் ஆணை செல்லாதெனத் தீர்ப்பளித்தன. அரசின் கல்விக்கூடத்தில் சாதி மட்டும் காரணமாக எவர்க்கும் இடம் மறுத்தலாகாது என்னும் 29(2)ஆம் பிரிவே தீர்ப்பின் அடிப்படை. நலிந்தோரின் கல்வி நலனைப் பேணுதல் வேண்டும் என்னும் 46ஆம் பிரிவு நெறிப்படுத்தும் கொள்கையே ஆதலின், அஃது அடிப்படை உரிமையை மேற்செல்லாது என்றது நீதிமன்றம். பதவிகளுக்கு ஒதுக்கீடு செய்ய 16(4)ஆம் பிரிவு இடந்தந்திருக்க, கல்விக்கு அத்தகைய விதி இல்லாமை கருதியே விடப்பட்டதாகலாம் என்பது அவர்கள் கண்ட குறிப்பு. சொற்பொருள் காணும் முறையில் இதனைக் குறை கூறுதல் இயலாது. இலக்கணம் கற்றார் இதனை எளிதில் உணர்வர். ஆயின் கல்வி இன்றிப் பதவி இல்லை. பதவியில் பங்கு தந்து அதற்குரிய கல்வியில் பங்கு தாராமை, பரிசிலுக்கு அழைத்துவிட்டுக் கடைவாயிலை அடைத்தலோடு ஒக்கும்.

அப்பொழுது சென்னை மாநிலத்து மருத்துவக் கல்லூரிகளில் இருந்த இடங்கள் 330. பொறியியற் கல்லூரிகளில் 395. மாநிலத்தின் மக்கள்தொகையோ ஐந்து கோடியே எழுபது இலக்கம். இவ்வருமையே வழக்கின் வேர். இடங்கள் பெருகியிருப்பின் பூசல் இத்துணைக் கடுமை பெற்றிராது.

தமிழகத்தில் எழுந்த கிளர்ச்சியும், பிற மாநிலத்து ஆணைகளும் வீழ்ந்துவிடும் என்னும் அச்சமும் முதல் திருத்தத்திற்கு வழிசெய்தன. 1951 சூனில் 15(4)ஆம் பிரிவு அரசியலமைப்பில் இடம்பெற்றது. சமுதாய நிலையிலும் கல்வி நிலையிலும் பிற்பட்ட வகுப்பினர்க்கும், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோர்க்கும் தனிவகை செய்ய அஃது அரசுக்கு இசைவளித்தது. வகுப்புரிமை மீண்டது என்று இதனைப் பலரும் எழுதுவர். நம் கருத்து வேறு. பழைய ஆணை பிராமணர் உட்பட எல்லார்க்கும் பங்கு வகுத்தது. புதிய பிரிவோ பிற்பட்டோர்க்கு மட்டும் துணை செய்தது. அதன் அடிப்படை ஆட்சியிற் பங்கு. இதன் அடிப்படை நலிவு நீக்கம். பெயர் ஒன்றாக வழங்கினும் இவை இரு வேறு அறங்கள். இன்றைய வழக்காடல்களில் காணும் குழப்பம் பலவும், இவ்விரண்டனுள் எதனை நாடுகின்றோம் என்பதைத் தெளியாமையால் வருவன.

மேனாட்டு அறிஞரும் இதே காலத்தில் இதே முடிச்சோடு போராடினர். 1931இல் டாணி எழுதிய ‘சமத்துவம்’ என்னும் நூல், சிலர் மேலே ஏறும் வாய்ப்பினைக் காட்டிப் பலர் கீழே கிடத்தலை ஒப்புக்கொள்ளச் செய்யும் போக்கினைத் தலைப்பிரட்டைகளின் மெய்ப்பொருள் என எள்ளியது. ஒரு சில தவளையாகும், ஏனைய அழியும். 1962இல் பெர்னார்டு வில்லியம்சு கூறிய மறவர் நாட்டுக் கதை இன்னும் கூரியது. மறவராகும் சிறப்பு செல்வர் குடிக்கே உரியதாயிருந்த நாட்டில் அவ்விதி நீக்கப்படுகின்றது. வலிமைப் போட்டியில் வென்றார் யாவரும் மறவராகலாம். ஏழைகள் உணவின்றி மெலிந்தமையால் மீண்டும் செல்வரே வெல்கின்றனர். 16 பேருள் 15 பேர் என்ற சென்னைக் கணக்கினை அறிந்தார்க்கு இக்கதை கற்பனையாகத் தோன்றாது.

1971இல் வெளியான ரால்சின் ‘நீதிக் கோட்பாடு’ இதனை மேலும் ஒரு படி கொண்டு சென்றது. பிறந்த குடும்பம் மட்டுமன்றி, உடன்பிறந்த அறிவாற்றலும் ஒருவன் ஈட்டியது அன்று என்றார் அவர். இங்கு நம் மொழி தரும் ஒரு துணையைக் குறிப்பிடலாம். வாய்ப்பு என்னும் சொல் வாய்த்தல் என்னும் வினையின் அடியாகப் பிறந்தது. நல்ல மழை வாய்த்தது, நல்ல ஆசிரியர் வாய்த்தார் என்கின்றோம். நம் முயற்சியின்றித் தானே வந்து பொருந்துதல் அதன் பொருள். அங்ஙனமாயின் சமவாய்ப்பு என்னும் தொடரிலேயே ஒரு முரண் உளது. தானே வாய்ப்பதனை அரசு எவ்வாறு சமன் செய்யும்? வாய்த்தது ஒருவன் தகுதி ஆகாது என்னும் ரால்சின் கருத்தினைத் தமிழ்ச்சொல் தன் வேரிலேயே தாங்கி நிற்றல் வியப்பிற்குரியது.

நம் நீதிமன்றங்கள் இம்முடிச்சினை ஓர் உவமையால் அவிழ்க்க முயன்றன. 1963இல் தேவதாசன் வழக்கில் மாறுபட்ட தீர்ப்பு எழுதிய நீதிபதி சுப்பாராவ், பந்தயக் குதிரையையும் எளிய குதிரையையும் ஒரே ஓட்டத்தில் விடுதல் சமவாய்ப்பு ஆகாது என்றார். அமெரிக்கக் குடியரசுத் தலைவர் சான்சன் தளையுண்டு கிடந்தவன் ஓட்டத்தைப் பற்றிப் பேசியது அதற்கு ஈராண்டு கழித்து, 1965இல். உவமை நன்று, ஆயினும் அதற்கு ஓர் எல்லை உண்டு. ஓட்டத்தின் பரிசு வென்றவனுக்கே உரியது. மருத்துவக் கல்லூரி இடமோ கற்பவனுக்கு மட்டும் உரியதன்று. அவனிடம் மருந்து பெறும் ஊர்க்கும் உரியது. எவ்வூரார் மருத்துவராகின்றனர் என்பது எவ்வூரில் மருத்துவம் நடக்கும் என்பதனோடு தொடர்புடையது. பங்கு என்னும் பழைய அறத்தில் இவ்வுண்மை இருந்தது. நலிவு நீக்கம் என்னும் அறம் இதனைப் போதிய அளவு தாங்கவில்லை.

சுப்பாராவ் தனித்து நின்று கூறியதனை 1975இல் தாமசு வழக்கில் பெரும்பான்மையோர் ஏற்றனர். ஒதுக்கீடு சமவாய்ப்பிற்கு விலக்கு அன்று, அதன் ஒரு கூறே என்பது நிலைபெற்றது. 1992இல் இந்திரா சகானி வழக்கு அதனை உறுதி செய்து, நூற்றுக்கு ஐம்பது என்னும் வரம்பினையும் விதித்தது. 69 விழுக்காட்டைக் காக்கத் தமிழகம் சட்டம் இயற்றி, 1994இல் 76ஆம் திருத்தத்தின் வழி ஒன்பதாம் அட்டவணையிற் சேர்த்தமை யாவரும் அறிந்ததே.

பன்னிரண்டில் ஒன்று என்ற அந்தப் பங்கின் உள்ளே இருந்தாருக்குள்ளும் சமம் இல்லை என்பது நெடுங்காலம் பேசப்படாதிருந்தது. 2009இல் தமிழகச் சட்டம் பட்டியல் சாதியினர்க்குரிய 18 விழுக்காட்டினுள் 3 விழுக்காட்டை அருந்ததியர்க்கென வகுத்தது. பட்டியலைப் பகுத்தலாகாது என்னும் 2004ஆம் ஆண்டுத் தீர்ப்பு அதற்கு எதிராக நின்றது. 2024 ஆகசுட்டு முதல் நாள் எழுவர் ஆயம் ஆறுக்கு ஒன்று என்னும் கணக்கில் அத்தீர்ப்பினை மாற்றி, உட்பிரிவு செய்தல் சமன்மைக்கு முரணன்று எனக் கூறியது.